சீனி போடாத வாயில் ஒரு சூத்தைப் பல்

எங்கள் ஊரில் சூத்தைக்கு மூன்று விதமான தீர்ப்பு. கச்சான் கடலையில் சூத்தை கடிபட்டால் துப்பிவிட்டு வாயைக் கொப்பளிப்போம். கத்தரிக்காயில் சூத்தை என்றால் அந்த இடத்தை மட்டும் சீவி எறிந்துவிட்டு மிச்சத்தைக் குழம்பில் போடுவோம். பல்லில் சூத்தை என்றால் பிடுங்கிவிடுவோம். ஒரே குற்றத்துக்கு ஏன் மூன்று தண்டனை என்று நான் ஐம்பத்து மூன்று வயது வரைக்கும் யோசித்ததே இல்லை. இத்தனைக்கும் நான் கணக்குப் படிப்பிக்கிறவள்.

அழுகல் வேறு, சூத்தை வேறு. அழுகியது மணக்கும், கையில் பிசுபிசுக்கும், தன்னை ஒளிக்காது. சூத்தை கள்ளன். தோல் மினுங்கும், காம்படியில் ஊசி குத்தின அளவு ஓட்டை இருக்கும், உள்ளே வெட்டிப் பார்த்தால் புழுவார் குடும்பமே நடத்திக்கொண்டிருப்பார். சந்தையில் அந்த ஓட்டையைக் கண்டுபிடிப்பதில் நான் கெட்டிக்காரி. வியாபாரிகள் என்னைக் கண்டால் கத்தரிக்காய்க் கூடையைக் கொஞ்சம் தள்ளி வைப்பார்கள். அப்படிப்பட்ட எனக்கு என் வாய்க்குள் இருந்த ஓட்டை தெரியவில்லை.

வலது பக்கம், கீழே, கடைசிக்கு முந்தின பல். இடது பக்கத்தில் மூன்று பல் ஏற்கெனவே போய்விட்டது. மேலும் கீழும் ஒன்றையொன்று சந்தித்து எதையாவது அரைக்கக்கூடிய இடம் என்று என் வாயில் மிஞ்சியிருந்தது அந்த ஒன்றுதான். அது போனால் அவித்துக் காயவைத்த பனங்கிழங்குப் புழுக்கொடியலை உரலில் இடித்துத்தான் தின்ன வேண்டும். தேத்தண்ணி குடிக்கும்போது விண்ணென்று குத்தியது. சூடு பட்டுக் குத்துகிறது என்று நினைத்து ஆறவிட்டுக் குடித்தேன். அப்போதும் குத்தியது.

"இஞ்சாரும், போய்ப் பிடுங்கிப்போட்டு வாருமன். ஒரு பல்லுக்கு இவ்வளவு யோசனையோ?" என்றார் என் கணவர். அவருக்கு முப்பத்திரண்டும் இருக்கின்றன. இருக்கிறவர்கள் அப்படித்தான் கதைப்பார்கள்.

எங்கள் உடுப்பிட்டியிலிருந்து பஸ்ஸில் போகும் தூரத்தில் ஒரு அரசாங்கப் பல் கிளினிக். புதிதாக ஒரு பெண் டொக்டர் வந்து மூன்று கிழமைதான் ஆகியிருந்தது. கொழும்பில் பிறந்து வளர்ந்த தமிழ்ப் பிள்ளை. வெளியே வாங்குப் பலகையில் முறைக்குக் காத்திருந்த சனம் அதற்குள் அவளுக்குத் தீர்ப்பு எழுதி முடித்துவிட்டது.

"உவவுக்குக் கை பழகேல்லைப் போலை. பிடுங்கச் சொன்னா அடைப்பம் அடைப்பம் எண்டு நிக்கிறா" என்றார் கன்னத்தில் துவாயைக் கட்டியிருந்த ஒருவர்.

"பிடுங்கத் தெரியாட்டில் ஏன் பல்லு டொக்டருக்குப் படிச்சவ?" என்றாள் பக்கத்தில் இருந்தவள்.

சுவரில், அவர்கள் தலைக்கு மேலே, 'பற்சிதைவைத் தடுப்போம்' என்று பெரிய எழுத்தில் ஒட்டியிருந்தது. அதன் கீழே இருந்த ஒருவருக்கும் பற்சிதைவு இருக்கவில்லை. எல்லாருக்கும் சூத்தைதான் இருந்தது.

என் முறை வந்தது. டொக்டர் என் வாய்க்குள் சின்னக் கண்ணாடியை விட்டுப் பார்த்தாள். பார்த்துவிட்டு, எதையோ கடன் கேட்கிறவள் மாதிரித் தயங்கினாள்.

"டீச்சர், இதைப் புடுங்க வேணாம். கெட்டுப்போனதை மட்டும் எடுத்துட்டு அடைச்சா இன்னும் பல வருஷம் இருக்கும். இங்க யாருமே அதுக்கு ஒத்துக்கிறாங்க இல்ல. நீங்களாவது சரின்னு சொல்லுங்களேன்."

எனக்கு உடனே கத்தரிக்காய் ஞாபகம் வந்தது. "அப்ப சூத்தையைச் சீவிப்போட்டு மிச்சத்தை வைச்சிருக்கலாம் எண்டுறியள்?"

"அதேதான்!" என்று துள்ளாத குறையாகச் சொன்னாள்.

பிறகு என் விவரம் எழுதுகிற மட்டையை எடுத்துக் கேள்வி கேட்டாள். எத்தனை தரம் பல் துலக்குவீங்க? இரண்டு தரம். இனிப்புச் சாப்பிடுவீங்களா? தீபாவளிக்கும் பொங்கலுக்கும். தேத்தண்ணிக்கு எத்தனை கரண்டி சீனி?

"சீனியோ? நான் தேத்தண்ணிக்குச் சீனி போடுறேல்லை. சின்ன வயசிலை இருந்து இல்லை" என்றேன். நூற்றுக்கு நூறு எடுத்த பிள்ளையின் குரல் எனக்கே கேட்டது.

"வெரி குட் டீச்சர்" என்று எழுதிக்கொண்டாள். 'சீனி: இல்லை.' அதன் கீழே ஒரு கோடும் போட்டாள்.

அன்று அந்தப் பல்லைச் சீவி அடைத்தாள். கை பஞ்சு. பழகாத கை என்று சொன்னவனைக் கூட்டிவந்து இருத்தியிருக்க வேண்டும். முடிந்ததும் மெல்லிய குரலில், "இங்க வந்து நான் காப்பாத்தின முதல் பல்லு இது" என்றாள். எனக்கு அந்தப் பிள்ளையில் அப்படி ஒரு பாசம், வாரப்பாடு வந்துவிட்டது. பள்ளிக்கூடத்து ஆசிரியர் அறையில், கோயில் வீதியில், பஸ்ஸில், வாயைத் திறந்து காட்டாத இடமில்லை. "பாருங்கோ, பிடுங்காமலே சுகமாக்கினவ. ஏன் அவசரப்பட்டுப் பிடுங்குறியள்?" என்று பிரசாரம் செய்தேன். என் கணவர், "இஞ்சாரும், கோயிலடியிலை வாயைப் பொத்தும்" என்று கெஞ்சினார்.

ஊர்ச்சனம் லேசில் நம்பாது. பார்ப்பம் என்றார்கள். ரீச்சரின் பல்லு நிக்குதோ பார்ப்பம், நிண்டால் நாங்களும் போறம். இப்படியாக அந்தப் பிள்ளையின் பெயர் என் பல்லில் தொங்கத் தொடங்கியது.

ஐந்து மாதம் நின்றது. பிறகு அடைத்த இடத்தின் ஓரத்தில் கறுத்தது. மறுபடியும் விண்.

டொக்டர் பார்த்துவிட்டு முகம் சுருங்கிப்போனாள். "நான்தான் ஓரம் சரியா எடுக்கல்ல போல. ஸொறி டீச்சர்." திரும்பவும் சீவினாள், திரும்பவும் அடைத்தாள். முதல் தடவை எடுத்த நேரத்தின் இரண்டு மடங்கு எடுத்தாள். மட்டையைப் பார்த்து, "சீனி இல்லத்தானே?" என்றாள். "இல்லை பிள்ளை, ஒரு துளி இல்லை" என்றேன். சத்தியமாக அப்படித்தான் நம்பினேன்.

அடுத்த ஏழு மாதத்தில் அதுவும் போனது. இடையில் இரத்தத்தில் சீனி இருக்கிறதா என்று சோதிக்க அனுப்பினாள். இல்லை. வாய் காய்கிறதா என்று கேட்டாள். படிப்பிக்கிறவளுக்கு வாய் எங்கே காய நேரம்? பல் துலக்கிக் காட்டச் சொன்னாள். காட்டினேன். அதிலும் நூற்றுக்கு நூறு.

வாங்கில் இருந்த சனத்துக்குக் கொண்டாட்டம். "ரீச்சரின்ரை பல்லே நிக்கேல்லை. எங்கடை என்னெண்டு நிக்கும்?" என்று அதே துவாய்க்காரர், இந்தமுறை மற்றக் கன்னத்தில் துவாய் கட்டியபடி, எனக்குக் கேட்கவே சொன்னார். எனக்கு வந்த கோபத்தில், "உங்கடை பல்லு நிக்காட்டில் பரவாயில்லை, நாக்கைக் கொஞ்சம் நிப்பாட்டுங்கோ" என்று சொல்லிவிட்டு உள்ளே போனேன். ஆனால் அவர் சொன்னது உண்மைதான் என்று மனம் அடித்துக்கொண்டது.

உள்ளே டொக்டர் கண்ணாடியை விட்டுப் பார்த்தாள்.

"வேர் வரைக்கும் போயிட்டுது டீச்சர். இனிப் புடுங்கத்தான் வேணும்" என்றாள். பிறகு, கையுறையைக் கழற்றிக்கொண்டே, என்னைப் பார்க்காமல் சொன்னாள்: "நானும் இனி எல்லாரும் கேக்கிற மாதிரிப் புடுங்கியே குடுத்துடலாம்னு இருக்கேன். அடைக்கிறதுக்கு என் கை சரியில்ல போல."

அந்த நேரம் பார்த்துக் கரண்ட் போனது. ஆயுதங்களைக் கொதிக்கவைக்கும் பெட்டி நின்றுவிட்டதால் கொஞ்சம் பொறுக்க வேண்டும் என்றாள் அங்கே உதவிக்கு நிற்கும் அக்கா. பொறுக்கிற நேரத்தில் மூன்று பேருக்கும் தேத்தண்ணி ஊற்றிக்கொண்டு வந்தாள். எனக்குச் சீனி இல்லாமல், அது அவளுக்கும் தெரியும்.

நான் கைப்பையைத் திறந்தேன். உள்ளே கடதாசியில் சுற்றின, பதநீரில் காய்ச்சின பனங்கட்டி இருந்தது. பனையோலைக் குட்டானிலிருந்து எடுத்து வீட்டிலேயே உடைத்துக்கொண்டு வருவேன். ஒரு துண்டை எடுத்து வலது கன்னத்துக்குள் ஒதுக்கிக்கொண்டு தேத்தண்ணியை ஒரு மிடறு உறிஞ்சினேன். பனங்கட்டி மெல்லக் கரைந்து தேத்தண்ணியோடு சேர்ந்து தொண்டைக்குள் இறங்கியது. விண்.

டொக்டர் கோப்பையை வாய்க்குக் கொண்டுபோனவள் அப்படியே நின்றாள்.

"டீச்சர், வாய்க்குள்ள என்ன?"

"பனங்கட்டி" என்றேன், கன்னம் வீங்கியபடி.

"எதுக்கு?"

"தேத்தண்ணிக்கு."

"சீனி போடுறதில்லன்னு சொன்னீங்களே?"

"போடுறேல்லைத்தானே! அதுதானே பனங்கட்டி கடிக்கிறன்!"

சொல்லிவிட்டு உதவிக்கு நிற்கும் அக்காவைப் பார்த்தேன். அவளும், இதில் என்ன அதிசயம் என்ற முகத்தோடு, தன் கன்னத்தில் ஒரு துண்டை ஒதுக்கிக்கொண்டிருந்தாள். நாங்கள் எல்லாரும் அப்படித்தான். சீனி என்பது கரண்டியால் அள்ளிப் போட்டுக் கலக்குவது. பனங்கட்டி கடிப்பது. கடிப்பதை யார் சீனிக் கணக்கில் சேர்த்தார்கள்? பனங்கட்டி உடம்புக்கு நல்லது என்றுதான் பால்குடி மறந்த நாளிலிருந்து கேட்டு வளர்ந்தோம்.

"ஒரு நாளைக்கு எத்தனை தேத்தண்ணி?" டொக்டரின் குரல் மிகவும் மெதுவாக வந்தது.

"ஐஞ்சு. பள்ளிக்கூட நாளிலை ஆறு."

"எப்பவும் இந்தப் பக்கந்தான் வைப்பீங்களா?"

"ஓம். இடப்பக்கம் பல்லில்லை, நிக்காது, உருளும். முந்தி இடப்பக்கந்தான் வைச்சனான், அந்த மூண்டு பல்லும் போனாப் பிறகு..."

தேத்தண்ணிக் கோப்பையை மேசையில் வைத்தேன்.

நான் கணக்கு ரீச்சர். ஒரு கேள்வியை இரண்டு தரம் பிழையாகச் செய்த பிள்ளையை, "எங்கை பிழைச்சதெண்டு முதல் வரியிலை இருந்து திருப்பிப் பார்" என்று துரத்துகிறவள். முதல் வரியிலேயே பிழை கிடந்திருக்கிறது. இடது பக்கத்து மூன்று பல்லையும் பனங்கட்டி தின்று முடித்துவிட்டு, சாமான் சக்கட்டோடு வலது பக்கம் குடிவந்திருக்கிறது. நானே கூட்டிவந்து இருத்தியிருக்கிறேன், ஒரு நாளைக்கு ஆறு தரம்.

டொக்டர் சிரிப்பாள் என்று பார்த்தேன். அவள் கண் கலங்கிவிட்டது. "ஒரு வருஷமா டீச்சர்... ஒரு வருஷமா நான் என் கையத்தான் சந்தேகப்பட்டுட்டு இருந்தேன். வீட்டுக்குப் போய் மாடல் பல்லு வச்சு அடைச்சு அடைச்சுப் பழகினேன்."

எனக்கு வெட்கம் என்றால் அப்படி ஒரு வெட்கம். பல் வலி எங்கே போனதென்று தெரியவில்லை. பனங்கட்டியைக் கடதாசியில் துப்பிச் சுற்றினேன். "என்னிலைதான் பிள்ளை பிழை. உன்ரை கையிலை ஒரு பிழையுமில்லை" என்றேன். அதை அவளிடம் மட்டும் சொன்னால் போதாது என்பதும் எனக்குத் தெரிந்தது. வெளியே வாங்கு நிறையச் சனம் இருந்தது.

கரண்ட் வந்தது. வாயை அலம்பினேன். பல்லைப் பிடுங்கினாள். ஒரு நோவும் தெரியவில்லை, பிடுங்கவும் நன்றாகவே தெரிந்தவள். பஞ்சை வைத்துக் கடிக்கச் சொல்லி, "அரை மணித்தியாலம் வாயே திறக்கக்கூடாது" என்றாள்.

அநியாயத்தைப் பாருங்கள். வாழ்நாளில் முதல்தரம் ஊர் கேட்க என் பிழையை ஒப்புக்கொள்ள வந்திருக்கிறேன், வாயில் பஞ்சு! அரை மணித்தியாலம் பொறுக்கலாம்தான். எனக்கு என்னைத் தெரியும். அதற்குள் மனம் மாறி, வேறு யாரிலாவது பழியைப் போட்டிருப்பேன்.

கைப்பையில் சிவப்புப் பேனை இருந்தது. டொக்டரின் மேசையிலிருந்த என் மட்டையை எடுத்தேன். 'சீனி: இல்லை' என்ற வரியின் மேல் பெரிதாகப் பிழைக் குறி போட்டேன். பக்கத்தில் பூச்சியம் போட்டு வட்டம் கீறினேன். கீழே, கரும்பலகையில் எழுதுகிற அளவில், 'பனங்கட்டி, நாளுக்கு ஆறு தரம். டொக்டரில் பிழையில்லை' என்று எழுதி, உதவிக்கு நிற்கும் அக்காவின் கையில் கொடுத்து, வெளியே போய் வாசிக்கச் சைகை காட்டினேன்.

அவள் வாசலில் நின்று உரக்க வாசித்தாள். நான் பக்கத்தில், பஞ்சைக் கடித்தபடி, வகுப்புக்கு வெளியே நிறுத்தப்பட்ட பிள்ளையாக நின்றேன். என்னிடம் படித்த இரண்டு பேர் அந்த வாங்கிலேயே இருந்தார்கள். அவர்கள் முகத்தைப் பார்க்க எனக்குத் தைரியம் வரவில்லை.

ஒருவரும் சிரிக்கவில்லை. அதுதான் எனக்கு விளங்கவில்லை. தலையை நிமிர்த்திப் பார்த்தேன். வாங்கில் இருந்த அத்தனை பேருடைய கன்னமும் அசைந்துகொண்டிருந்தது. எல்லாரும் நாக்கால் உள்ளே தடவி, தங்கள் தங்கள் பனங்கட்டி இடத்தைத் தேடிக்கொண்டிருந்தார்கள்.

துவாய்க்காரர்தான் முதலில் எழும்பினார். வாசலடிக்கு வந்து, உள்ளே எட்டிப் பார்த்து, துவாயை அவிழ்த்தார்.

"பிள்ளை, என்ரையைப் பிடுங்காதை. சீவிப்போட்டு அடைக்கேலுமோ பார்."

டொக்டர் புதிய மட்டை ஒன்றை எடுத்தாள். பேனையைத் தேடினாள். நான் என் சிவப்புப் பேனையை நீட்டினேன்.

"உக்காருங்க ஐயா" என்றாள். "முதல்ல சொல்லுங்க, தேத்தண்ணியோட என்ன கடிப்பீங்க?"