முறை தவறாமல் வந்தவர்

பேய்க் கதை கேட்கும் ஆசையில் என்னிடம் வருகிறவர்களுக்கு முதலிலேயே சொல்லிவிடுகிறேன்: எனக்கு இருட்டைக் கண்டு பயமில்லை. இரவில் ஏரியில் ஆட்கள் இருப்பார்கள், விளக்கு இருக்கும், யாராவது யாரையாவது திட்டிக்கொண்டிருப்பார்கள். பழவேற்காட்டில் பயப்பட வேண்டிய நேரம் உச்சிவேளைதான். ஏரித் தண்ணீர் கண்ணைக் கூசவைக்கும். கோட்டைக் காவல்காரன் நின்றபடியே தூங்குவான். சுண்ணாம்புக் காளவாய்ப் புகைகூட அசையாமல் நிற்கும். நான் சொல்லப்போவது பெரும்பாலும் அந்த வேளையில் நடந்தது.

ஹாலந்து தேசத்து உலாந்தாக்காரர்கள் இங்கே கோட்டை கட்டிக் குடியிருந்த காலம் அது. கோட்டைக்கு வெளியே, ஏரியைப் பார்த்து வாசல் வைத்து, நீளமாக ஓர் ஓட்டுக் கட்டடம் இருந்தது. அதுதான் ஆஸ்பத்திரி. கப்பலிலிருந்து இறக்கிய சிப்பாய்கள், மாலுமிகள், துணி விற்க வந்த இடத்தில் படுத்துவிட்ட நெசவுக்காரர்கள், யார் எவரென்றே தெரியாதவர்கள், எல்லோரும் அங்கே கிடந்தார்கள். நான் அதில் வேலைக்காரி. தண்ணீர் கொடுப்பது, கஞ்சி ஊட்டுவது, புண்துணி அலசுவது, கண் மூடியவர்களுக்கு வாய்க்கட்டுக் கட்டுவது எல்லாம் என் வேலை.

நான் சேர்ந்த புதிதில் ஆளுக்குப் பஞ்சம் இல்லை. கூலியில் பாதி அரிசி, பாதி காசு. அரிசி எப்படியும் வந்துவிடும். காசு மட்டும் கப்பல் வந்தால்தான் வரும். ஒரு வருஷம் கப்பல் வரவில்லை. அந்த நேரம் பார்த்து, தெற்கே சென்னப்பட்டினத்தில் இங்கிலீஷ்காரர்கள் ஆஸ்பத்திரி வேலைக்கு ஆள் தேடுகிறார்கள், கூலியைக் கையிலேயே தருகிறார்கள் என்று பேச்சு வந்தது. கட்டுப்போடத் தெரிந்தவர்கள் முதலில் கிளம்பினார்கள். எங்கேயும் அப்படித்தான், வேலை தெரிந்தவன் முதலில் போவான். அடுத்து சமையல்காரர் போனார். மிச்சம் இருந்தவர்களைக் காய்ச்சல் பிடித்து, அவர்கள் துடைத்த கட்டிலிலேயே படுக்கப் போட்டது. கடைசியில் உலாந்தா வைத்தியர், எங்களை வேலை வாங்கும் மேஸ்திரி, நான், இவ்வளவுதான் மிச்சம்.

நான் ஏன் போகவில்லை என்று கேட்பீர்கள். என் வீட்டுக்காரர் திரும்பி வந்தால் என்னை எங்கே தேடுவார்? அதனால் போகவில்லை.

அவர் வாடைக்காற்றில் கடலுக்குப் போனவர். கட்டுமரம் கரை ஒதுங்கியது. உடல் ஒதுங்கவில்லை.

எங்கள் குப்பத்தில் ஒரு வழக்கம் உண்டு. ஏரியில் வலை போடும் இடங்களை யாரும் இஷ்டத்துக்குப் பிடித்துக்கொள்ள முடியாது. அதற்குப் பாடு என்று பெயர். வீட்டுக்கு ஒரு கிளிஞ்சல், அதில் அந்த வீட்டு ஆணின் குறி கீறியிருக்கும். எல்லாவற்றையும் ஒரு பானையில் போட்டு, ஊரை நடத்துகிற நாட்டார் கைவிட்டு எடுப்பார். யார் கிளிஞ்சல் வருகிறதோ மறுநாள் முறை அவருக்கு. கடலில் போனவனின் உடல் கிடைக்காவிட்டால் அவன் கிளிஞ்சலை ஊரார் தொடமாட்டார்கள். அவன் பெண்டாட்டி தன் கையால் எடுத்து ஏரியில் வீசினால்தான் அவன் செத்தவன். அதுவரை அவன் முறை அவனுடையது. பங்காளி வலை போட்டு, பாதி மீனை வீட்டில் கொடுத்துவிட்டுப் போவான்.

நான் எடுக்கவில்லை. பாதி மீனுக்காகப் பிணத்தைப் பிடித்துக்கொண்டிருக்கிறாள் என்று சில பெண்கள் என் காதுபடவே பேசினார்கள். மீன் எனக்கு வேண்டித்தான் இருந்தது, இல்லையென்று சொல்லமாட்டேன். ஆனால் அந்தக் கிளிஞ்சல் பானைக்குள் கிடக்கும்வரை அவர் எங்கேயோ இருக்கிறார் என்று நான் நினைத்துக்கொள்ளலாம். அந்த நினைப்பை விட எனக்கு மனசில்லை.

ஆள் கிடைக்காமல் அல்லாடிய மேஸ்திரி, குப்பத்திலிருந்து தினம் ஓர் ஆள் முறைபோட்டு ஆஸ்பத்திரிக்கு வரவேண்டும், வருகிறவனுக்கு அரிசி உண்டு என்று நாட்டாரிடம் பேசி முடித்தார். இதற்கென்று இன்னொரு பானை வைக்க நாட்டாருக்குச் சோம்பல். பாடு எடுக்கிற அதே பானை, அதே கிளிஞ்சல்கள்.

"முறைனா முறைதான். அதுக்கு இன்னாத்துக்கு ரெண்டு பானை?" என்றார்.

செத்தவர்களின் கிளிஞ்சலும் அதற்குள் கிடக்கிறதே என்று அவருக்குத் தோன்றவில்லை. எனக்கும் தோன்றவில்லை.

முறைக்கு வந்த ஆண்களின் லட்சணத்தைச் சொல்லவேண்டும். புயலில் கட்டுமரம் தள்ளுகிறவன் சீழைக் கண்டதும் வாசலிலேயே வாந்தி எடுத்தான். இன்னொருவன் தலையைக் காட்டிவிட்டு, அரிசியை மடியில் கட்டிக்கொண்டு நழுவினான். பாதிப்பேர் வரவே இல்லை. வயிற்றுவலி என்று சொல்லி அனுப்பினார்கள். ஆஸ்பத்திரிக்கு வராமல் இருக்க வயிற்றுவலியைக் காரணம் சொல்ல எங்கள் ஊர் ஆண்களால்தான் முடியும்.

ஒருநாள் சாயங்காலம் ஆஸ்பத்திரி முறைக்கு என் வீட்டுக்காரர் கிளிஞ்சல் வந்தது. மறுநாள் காலையில் மேஸ்திரி வழக்கம்போலக் கேட்டார்.

"இன்னிக்கு யாரு முறை?"

"எங்க வூட்டுக்காரர் முறை."

அவர் என்னைப் பார்த்த பார்வையில் இரக்கம் இருந்தது. என் மேல் யாராவது இரக்கப்பட்டால் எனக்கு எரிச்சல் வரும்.

"வருவாரு" என்றேன். வீம்புக்குச் சொன்னதுதான்.

உச்சிவேளையில் கிணற்றடியில் புண்துணி அலசிவிட்டு உள்ளே வந்தேன். காலையில் வைத்த தண்ணீரெல்லாம் தீர்ந்திருக்கும், கட்டிலுக்குக் கட்டில் முனகல் கேட்கும் என்று நினைத்துக்கொண்டு வந்தால், ஒரு சத்தமும் இல்லை. ஒவ்வொரு தலைமாட்டிலும் கலயம் விளிம்புவரை நிரம்பியிருந்தது. ஏரிப்பக்க வாசலிலிருந்து ஈரக் காலடித் தடங்கள் வந்து, கட்டில் கட்டிலாகப் போய், கடைசிக் கட்டிலருகே நின்றுவிட்டன. திரும்பிப் போன தடம் இல்லை. வலது காலில் சுண்டுவிரல் பதியவில்லை. என் வீட்டுக்காரருக்கு அந்த விரல் கிடையாது. திருக்கை முள் குத்தி அழுகிப்போய், இதே வைத்தியர்தான் வெட்டி எடுத்தார்.

கடைசிக் கட்டிலில் ஒரு வயதான நெசவுக்காரர் இருந்தார். காலில் ஆறாத புண். மற்றபடி காய்ச்சல் கிடையாது, புத்தி தெளிவு. தெலுங்குக்காரர், மகளைக் கூப்பிடுவதுபோல என்னை அம்மாயி என்றுதான் கூப்பிடுவார். நான் அவரை நைனா என்பேன்.

"தண்ணி குடுத்தது யாரு நைனா?"

"முறைக்கு வந்த ஆளு. குட்டையா, தோளு அகலமா. ஒரு வார்த்த பேசல அம்மாயி. நல்லா பாத்துக்கினாரு. தண்ணிதான் கொஞ்சம் உப்பு கரிக்குது."

கட்டில் காலைப் பிடித்துக்கொண்டு தரையில் உட்கார்ந்தேன். பயந்தேன் என்று நினைக்காதீர்கள். சந்தோஷத்தில் உட்கார்ந்தேன். அவர் எங்கேயோ இருக்கிறார் என்று நான் சொன்னது பொய் இல்லை.

மேஸ்திரி வந்து தடங்களைப் பார்த்தார். கடைசித் தடத்தருகே குனிந்து, விரலால் தொட்டு, முகர்ந்து பார்த்தார். சேற்று வாடை. சாம்பல் தூவித் துடைத்தார். கையைக் கழுவிக்கொண்டு வந்துதான் கேட்டார்.

"அவர் முறை மறுபடி எப்போ வருது?"

அந்த முறையும் வந்தார். அதற்கடுத்த முறையும் வந்தார். முறை தவறாமல் வந்தவர் எங்கள் குப்பத்திலேயே அவர் ஒருவர்தான். ஈர மணல் ஒட்டிய துணிகள் மடித்து வைக்கப்பட்டிருந்தன. ஜன்னி கண்ட மாலுமி ஒருவன் கட்டிலிலிருந்து விழாமல் யாரோ தோளைப் பிடித்திருந்தார்கள், மறுநாள் அந்தத் தோளில் உப்புப் பூத்திருந்தது. நோயாளிகளுக்கு அவரைப் பிடித்துப்போனது. வைத்தியர் எதையும் கவனிக்கிற நிலையில் இல்லை. ஆள் குறைந்த இடத்தில் வேலை நடந்தால் போதும், யார் செய்தது என்று யாரும் கேட்பதில்லை.

என் கண்ணில் மட்டும் அவர் படவில்லை. வாசலை விட்டு நகராமல் காத்திருந்து பார்த்தேன். வெயில் ஏறி ஏறி, ஏரி ஒரே வெள்ளையாகி, கண்ணில் நீர் கோத்து ஒரு தடவை இமைத்தேன். எனக்குப் பின்னால் கலயத்தில் தண்ணீர் விழுகிற சத்தம் கேட்டது. திரும்பினால் ஈரத்தடம் மட்டும். கோபம் பொத்துக்கொண்டு வந்தது. கப்பலில் வந்த அன்னியனுக்கெல்லாம் முகம் காட்டுகிறவர், கட்டியவளுக்குக் காட்டமாட்டாரா?

மேஸ்திரி ஒரு யோசனை செய்தார். வயிற்றுவலிக்காரர்களின் முறைகளையும் என் வீட்டுக்காரர் பேரில் போட்டுவிடும்படி நாட்டாரிடம் சொன்னார். நாட்டாருக்குச் சந்தோஷம், குப்பத்து ஆண்களுக்கு அதைவிடச் சந்தோஷம். யார் வயிற்றுவலி என்று சொன்னாலும் என் வீட்டுக்காரர் கிளிஞ்சலை எடுத்து எடுத்துப் போட்டார்கள். தினமும் உச்சிவேளையில் தரை ஈரமானது. எனக்கும் அப்போது அதில் ஓர் ஆனந்தம். தினமும் வருகிறாரே என்று தலை சீவிப் பூ வைத்துக்கொண்டு வேலைக்குப் போனேன்.

ஒருநாள் நெசவுக்காரருக்குக் கட்டு மாற்றும்போது அவர் தயங்கித் தயங்கிச் சொன்னார்.

"அந்த ஆளுக்கு ஓய்வே இல்லியா அம்மாயி? முன்ன மாதிரி இல்ல. கால இழுத்து நடக்கறாரு. ரெண்டு கட்டிலுக்கு ஒருவாட்டி செவுத்துல சாஞ்சுக்கறாரு. நேத்து குடத்த எறக்கி வெச்சிட்டு, தூக்க முடியாம அப்பிடியே நின்னாரு."

சுவரைப் பார்த்தேன். நெடுக, தோள் உயரத்தில், அகலமான ஈரக் கறைகள். அன்றைக்குத் தரையில் இருந்த தடங்களும் தடங்களாக இல்லை, இழுத்த கோடுகளாக இருந்தன. உயிரோடு இருந்தபோது கடலில் பாடுபட்ட மனிதர், செத்த பிறகும் அடுத்தவன் முறையைச் சேர்த்துச் சுமந்துகொண்டிருக்கிறார். அவரை யார் வரவழைத்தது? பானையில் கிளிஞ்சல் கிடக்கிறது. கூப்பிட்டால் வராமல் என்ன செய்வார்?

"கிளிஞ்சல எடுத்துடப் போறேன்" என்று மேஸ்திரியிடம் சொன்னேன்.

அவர் கையிலிருந்த கஞ்சிப் பானையை இறக்கி வைத்தார். "வாணாம்மா. கப்பல் வர்ற வரைக்கும் இருக்கட்டும். ஆள் இல்ல."

"செத்தவர் அண்ணே அவரு."

அந்த வார்த்தையை என் வாய் சொல்லி நான் கேட்டது அதுதான் முதல்தடவை.

"தெரியும். அதான் கேக்கறேன். உயிரோட கீறவன் எவன் வர்றான், சொல்லு? அவரு நின்னுட்டா இதுங்க நாக்கு வறண்டே பூடும்."

அவரைத் திட்ட வாயெடுத்தேன், முடியவில்லை. அவர் கண் குழி விழுந்து கிடந்தது. விரலிடுக்கெல்லாம் சுண்ணாம்புத் தண்ணீரில் வெடித்திருந்தது. வீட்டுக்குப் போகாமல் கட்டில்களுக்கு நடுவிலேயே படுத்து எழுகிற மனிதர். கெட்டவர் இல்லை. ஆள் இல்லாத இடத்தில் நல்லவனுக்கும் இப்படித்தான் புத்தி போகும்.

"அவர் முறைய நான் செய்யறேன்" என்று சொல்லிவிட்டு நடந்தேன்.

சாயங்காலம் கிளிஞ்சல் எடுக்க எல்லோரும் கூடியிருந்தார்கள். நான் பானையருகே போனதும் விலகி வழிவிட்டார்கள்.

"பாதி மீனு பூடும். அப்பால சேத்துல எறால் தடவிதான் பொழைக்கணும். யோசிச்சுக்கோ" என்றார் நாட்டார்.

யோசிக்க ஒன்றும் இல்லை. பானைக்குள் கையை விட்டேன். எத்தனையோ கிளிஞ்சல்கள், எல்லாம் காய்ந்து சொரசொரவென்று இருந்தன. ஒன்று மட்டும் ஈரமாக, சில்லென்று, விரலோடு ஒட்டியது. குறியைத் தடவிப் பார்க்கத் தேவையே இல்லை. வெளியே எடுத்து, இரண்டு கையிலும் பொத்தி வைத்துக்கொண்டு ஏரியில் இடுப்பளவுக்கு இறங்கினேன். எவ்வளவு நேரம் நின்றேனோ தெரியாது. யாரும் அவசரப்படுத்தவில்லை. பிறகு வீசினேன்.

மறுநாள் விடியும்போதே ஆஸ்பத்திரிக்குப் போனேன். அவர் முறையையும் சேர்த்துச் செய்யவேண்டுமே. ஏரிப்பக்க வாசலில் தண்ணீர்க் குடம் கவிழ்த்து வைக்கப்பட்டிருந்தது. அன்றைய வேலையை முடித்த பிறகுதான் குடத்தைக் கவிழ்ப்போம். நான் அப்படி வைக்கவில்லை. மேஸ்திரி வைக்கவில்லை. தரை முழுக்க உலர்ந்திருந்தது.

நெசவுக்காரர் விழித்திருந்தார்.

"வந்தாரு அம்மாயி. வெளுக்கறதுக்கு முன்ன. தண்ணி குடுக்கல. குடத்தக் கவுத்து வெச்சாரு, போயிட்டாரு."

"மூஞ்சி எப்பிடி இருந்துச்சு நைனா? கோவமா?"

"கோவமெல்லாம் இல்ல. தூக்கம் வந்தவர் மாதிரி இருந்தாரு."

கேட்கக் கூடாது என்றுதான் நினைத்தேன். வாய் கேட்டுவிட்டது.

"என்னைக் கேட்டாரா?"

அவர் நல்ல மனிதர். எனக்காக ஒரு பொய் சொல்லியிருக்கலாம்.

"இல்ல அம்மாயி. யாரையும் கேக்கல."

நான் குடத்தை நிமிர்த்தி எடுத்துக்கொண்டு கிணற்றுக்குப் போனேன். அவர் காணாமல் போன நாளிலிருந்து நான் அழுததில்லை. அன்றைக்கு அங்கே உட்கார்ந்து அழுதேன். உள்ளே யாரோ தண்ணீர் கேட்டார்கள். இன்னும் கொஞ்சம் அழுதுவிட்டுத்தான் போனேன்.