கடைசிப் பாட்டில் ஒரு கோளாறு

மாமா ராப் பாடகரானது எங்கள் வீட்டில் யாருக்கும் பிடிக்கவில்லை. அம்மாவின் தம்பி அவர்; எங்களோடுதான் இருந்தார். யாங்கோனில் அப்போதுதான் ராப் தலைகாட்டியிருந்தது. சுருதி சேரவில்லை என்று கோயில் பஜனையில் ஓரமாக உட்காரவைக்கப்பட்டவருக்கு, சுருதியே கேட்காத ஒரு சங்கீதம் உலகத்தில் இருக்கிறது என்று தெரிந்ததும் தலைகால் புரியவில்லை. பர்மியப் பாட்டாக எழுதித் தள்ளினார். “பாடுறானா, யாரோடயாவது சண்ட போடுறானா?” என்று அம்மா அடுப்படியிலிருந்து கேட்பாள்.

அவருடைய முதல் ஆல்பம் எங்கள் துணி அலமாரிக்குள் உருவானது. இரண்டு பக்கமும் அம்மாவின் புடவைகளைத் தொங்கவிட்டு, நடுவில் மைக்கோடு மாமா நிற்பார். தாளத்துக்குத் தீமிதித் திருவிழாவில் பதிவு செய்த உறுமி மேளம். எங்கள் தெருவுக்கு மின்சாரம் முறைவைத்து வரும். வந்துவிட்டால் வீட்டுக்கு வீடு தண்ணீர் மோட்டார் ஓடும், டிவி அலறும், எதையும் பதிவு செய்ய முடியாது. அதனால் மின்சாரம் இல்லாத பகல் நேரங்களில் கார் பேட்டரியில் ரிக்கார்டரை ஓட்டிப் பாடுவார். வாசலில் சத்தம் வராமல் பார்த்துக்கொள்வது என் பொறுப்பு. எட்டு வயதில் எனக்குக் கிடைத்த அந்த அதிகாரத்தை வைத்துக்கொண்டு நான் பழக்காரியைக்கூட வாயைப் பொத்தவைத்திருக்கிறேன்.

அந்தக் காலத்தில் பாட்டு வரிகளை எல்லாம் தணிக்கை அலுவலகத்துக்கு அனுப்பி அனுமதி வாங்க வேண்டும். கடைசிப் பாட்டு எங்கள் தெருவைப் பற்றியது. அதில் மின்சாரத்தைப் பற்றிய வரிகளை மட்டும் சிவப்பு மையால் அடித்து அனுப்பிவிட்டார்கள். மாமா அந்த இடத்தில் பாடாமல் உறுமியை மட்டும் ஓடவிட்டார்.

சரியாக அந்த இடத்தைப் பதிவு செய்துகொண்டிருந்தபோது மின்சாரம் வந்தது. யாங்கோனில் மின்சாரம் வந்தால் “மீ லாபீ!” என்று ஊரே கத்தும். விளக்கு வந்துவிட்டது என்று அர்த்தம். யாரும் சொல்லித்தர வேண்டியதில்லை, வாய் தானாகத் திறந்துகொள்ளும், இன்றும் அப்படித்தான். அன்றும் தெரு முழுக்கக் கத்தியது. எல்லோருக்கும் முன்னால், எல்லோரையும்விடச் சத்தமாகக் கத்தியது, சத்தத்தைத் தடுக்க உட்காரவைக்கப்பட்ட நான்தான்.

மாமா வேர்த்து விறுவிறுத்து அலமாரியிலிருந்து வெளியே வந்தார். முதுகில் ஒன்று விழும் என்று நான் பயந்துபோய் நின்றேன். அவரோ டேப்பைத் திருப்பிப் போட்டுக் கேட்டார். இன்னொரு தடவையும் கேட்டார். “இதுவே இருக்கட்டும்” என்றார்.

அம்மாவுக்கு முகம் செத்துவிட்டது. “டேய் தம்பி, அவன் வெட்டுன எடத்துல கொண்டுபோய் இத வைக்கிறியே, சும்மா விடுவானா? கேசட்டையும் அள்ளிட்டுப் போவான், ஒன்னையும் அள்ளிட்டுப் போவான்!”

“நான் ஒண்ணும் பாடலயேக்கா. தெருவுல கேட்டுச்சு.”

கேசட் லத்தா பேட்டையிலிருந்த பாட்டுக் கடைகளுக்குப் போய், அங்கேயே தூசி படிந்து கிடந்தது. இனி எல்லாம் ஒரு விமர்சகர் கையில் என்றார்கள். வாராந்திர இசைப் பத்திரிகையில் எழுதும் பர்மியர். பாடகர் மூச்சு வாங்கினால்கூட அதையும் எழுதிவிடுவார் என்று பேர் வாங்கியவர். அவர் அந்தக் கூச்சலைப் பற்றி எழுதிவிட்டால் அலுவலகத்துக்குத் தெரிந்துவிடும் என்று அம்மா சாமி படத்துக்கு முன்னால் புலம்பினாள். மாமாவுக்குச் சாப்பாடு இறங்கவில்லை. வாசல் படலை ஆடினாலே எழுந்து நின்றார். விமர்சகரின் பாராட்டுக்காகத்தான் மாமா அப்படித் தவிக்கிறார் என்று நான் நினைத்துக்கொண்டேன். எனக்கும் அதே தவிப்புதான், என் குரலும் அதில் இருந்ததே.

பத்திரிகை வந்தது. மாமா அதைப் பிரிக்காமலே என்னிடம் நீட்டினார், அம்மாவுக்குப் பர்மிய எழுத்து தெரியாது. நான்தான் வாசித்தேன். குரல் ஏலம் போடுகிறவர் குரல் போல இருக்கிறதாம். உறுமி முன்னால் ஊர்வலம் போக, பாடகர் செருப்பைத் தேடிக்கொண்டு பின்னால் ஓடிவருகிறாராம். இப்படியே பத்தி பத்தியாகப் போய், முடிவில் எழுதியிருந்தார்: “கடைசிப் பாட்டின் நடுவில் ஏதோ பதிவுக் கோளாறு. வாங்குகிறவர்கள் அந்த இடத்தைத் தாண்டிப் போய்விடலாம்.”

என் குரல் கோளாறா? நான் ஓவென்று அழுதேன். மாமா என்னைத் தூக்கித் தட்டாமாலை சுற்றி, “அந்தக் கடேசி வரிய இன்னொருக்கா படி பாப்பா, படி!” என்றார். அம்மா எழுந்துபோய் அதிரசத்துக்கு அரிசி ஊறப்போட்டாள். அக்காவுக்கும் தம்பிக்கும் ஒரே நாளில் புத்தி பிசகிவிட்டது என்று நான் முடிவுகட்டினேன்.

அடுத்த வாரம் லத்தா கடைக்குப் போனால், மாமாவின் கேசட்டுக்குக் கூட்டம் நின்றது. வாங்கியவர்கள் கடைக்காரரிடமே போட்டுக் காட்டச் சொன்னார்கள். அவர் மற்றப் பாட்டுகளை எல்லாம் ஓட்டித் தள்ளிவிட்டு, நேராகக் கடைசிப் பாட்டின் நடுவில் கொண்டுபோய் நிறுத்தினார். கோளாறைக் கேட்டுச் சிரிக்கத்தான் வந்திருக்கிறார்கள் என்று எனக்கு அவமானமாக இருந்தது.

அங்கிருந்து மாமா அதிரசப் பொட்டலத்தோடு அந்த விமர்சகர் வீட்டுக்கே என்னைக் கூட்டிப்போனார். திட்டியவனுக்குப் பலகாரம்! எனக்கு மாமாவின் மேல் மதிப்பே போய்விட்டது. பர்மியக் கைலியான லோஞ்சி கட்டிய ஒல்லி மனிதர் கதவைத் திறந்தார். மாமாவும் அவரும் ஒருவர் கையை ஒருவர் பிடித்துக்கொண்டு நின்றார்கள். பிறகு அவர் குனிந்து என்னிடம் பர்மியத்தில் கேட்டார்: “முதலில் கத்துகிற குழந்தை நீதானே?”

இதற்காகத்தான் காத்திருந்தேன். “குழந்தையும் இல்லை, ஒன்றும் இல்லை. அது பதிவுக் கோளாறு!” என்றேன் வெடுக்கென்று.

அவர் கண்ணாடியைக் கழற்றிக் கண்ணைத் துடைத்துக்கொள்ளும் அளவுக்குச் சிரித்தார். ஒரு அதிரசத்தை எடுத்து என் கையில் வைத்தார்.

பஸ்ஸில் வரும்போது, அவர் வாயை நன்றாக அடைத்துவிட்டேன் என்று மாமாவிடம் பெருமையடித்துக்கொண்டே வந்தேன். கோளாறு என்று எழுதியவருக்கு அதில் ஒரு குழந்தையின் குரல் எப்படிக் கேட்டது என்று எனக்கு அன்று கேட்கத் தோன்றவில்லை.