வெள்ளையடித்த செட்டு

சினிமாவில் ஆர்ட் டைரக்டர் என்றால் என் ஊர்க்காரர்களுக்கு ஏதோ பெரிய பவிசு. எனக்கு இடுப்பு வலி. ஆணியும் பிளைவுட்டுமாக இருபத்தைந்து வருஷம் அலைந்தாயிற்று. சொந்த ஊரான செஞ்சியிலேயே ஒரு வேலை வந்தபோதுகூட, அப்பாடா, பஸ் ஏற வேண்டாம் என்றுதான் தோன்றியது.

வந்தவர் ஜப்பான்காரர். வாழ்நாளெல்லாம் அங்கே படங்களுக்கு செட் போட்டவர். அவர் பார்த்துப் பார்த்துக் கட்டியதையெல்லாம் தயாரிப்பாளர் யாராவது வந்து, நாள் இல்லை என்று வெட்டிவிடுவாராம். அந்த ஆத்திரத்தில் வயதான காலத்தில் தானே தயாரிப்பாளர் ஆகிவிட்டார். "இனிமேல் என் வீட்டை எவனும் வெட்ட முடியாது" என்று தெரிந்த இங்கிலீஷில் சொல்லிச் சிரிப்பார்.

சிங்கவரம் சாலையில், பின்னால் மலை தெரிகிற ஒரு மல்லாட்டைக் கொல்லையில், வேர்க்கடலை எடுத்த நிலத்தில், வீடு கட்டினோம். கதைப்படி ஒருத்தி தனியாக வாழும் வீடு, பல வருஷம் சுண்ணாம்பு பார்க்காதது. மழைக் கறை, அடுப்புப் புகை, எண்ணெய்த் தலை சாய்ந்த தடம் எல்லாவற்றையும் முன்சுவரில் அவரே முட்டி போட்டு ஒன்பது நாள் பூசினார். அந்தச் சுவர் வருவது ஒரே காட்சியில். அதையும் கடைசி நாளுக்கு வைத்திருந்தோம். மறுநாள் நடிகைக்கு விமானம்.

கடைசி நாள் காலையில் நானும் அவரும் போய் இறங்கினால், சுவர் பளீரென்று நிற்கிறது. சுண்ணாம்பு! கீழே காவிப் பட்டை வேறு. காவலுக்கு வைத்திருந்த சிங்கவரத்து அம்மா வெள்ளையடிக்கிற மட்டையும் கையுமாக நின்றார்.

"இன்னாம்மா பண்ணி வெச்சிருக்க?"

"நீ இன்னா சார் ஆளு? வெளிநாட்டுலேர்ந்து வந்த மனுசன் வூட்டை ஊரெல்லாம் பாக்கப் போவுது. அழுக்குச் செவுரா காட்டுவாங்க? நம்மளுக்குத்தான கேவலம்? எங்க வூட்டுக்கு வாங்கி வெச்ச சுண்ணாம்பு, கொண்டாந்து அடிச்சிட்டேன்."

அந்த அழுக்குதான் எங்கள் வேலை என்று முன்னமே சொல்லியிருக்க வேண்டும். சொல்ல அலுப்பு. தப்பு என்னுடையது.

ஜப்பான்காரர் சுவரைத் தொட்டார். விரலில் ஈரச் சுண்ணாம்பு ஒட்டியது.

"பழையபடி ஆக்க எத்தனை நாள்?"

"நாலு நாளாவது வேணும் சார்."

பையிலிருந்து காட்சித் தாளை எடுத்தார். பேனாவைத் திறந்து அந்தச் சுவர் வரும் காட்சியின் குறுக்கே ஒரு கோடு போட்டார்.

"இத்தனை காலம் தயாரிப்பாளரைத் திட்டினேன். இன்றைக்கு யாரைத் திட்டுவது?"

"என்னைத் திட்டுங்க சார்" என்றேன். அவர் மாட்டேன் என்று தலையாட்டினார்.

"சாருக்குப் புடிக்கலியா?" என்று அந்த அம்மா என்னைக் கேட்டார். முகம் சுண்டிப்போயிருந்தது. ஜப்பான்காரருக்குத் தமிழ் தெரியாது. ஆனால் அந்த முகத்தைப் பார்த்தார். பிறகு சுவரை அண்ணாந்து பார்த்தார். மேல் மூலையில் அந்த அம்மாவுக்கு எட்டாமல் ஒரு முழம் விட்டுப்போயிருந்தது. மட்டையை வாங்கிக்கொண்டு, எங்கள் வண்டியிலிருந்த ஏணியைச் சாத்தி ஏறி, அந்த ஒரு முழத்தையும் நிதானமாக வெள்ளையடித்து முடித்தார். மறுநாள் நாங்கள் பிரிக்கப்போகிற சுவர் அது.