வேறொரு கொடியின் காய்

கோந்து சார் மரவள்ளியை ஒரு பக்கம் ஒதுக்கினார். சர்க்கரைவள்ளியை எதிர்ப்பக்கம் தள்ளினார். சேனைக்கிழங்கை, சண்டை போடும் பங்காளிகளுக்கு இடையே ஆள் நிறுத்துவதுபோல், இரண்டுக்கும் நடுவில் வைத்தார். காய்கறிக்கடைக்காரர் தராசுத் தட்டைத் துடைத்தபடி பொறுமையாக நின்றார். வாரம் தவறாமல் நடப்பதுதான் இது. "மூணும் மூணு குடும்பம். பேருல வள்ளி இருந்துட்டா சொந்தமாயிடுமா?" என்று அவர் கேட்டார். கடைக்காரருக்கு அதில் ஒரு கருத்தும் கிடையாது. வள்ளிக் குடும்பத்தில் உண்மையாகவே பிறந்த கிழங்கு அந்தக் கடையில் ஒன்றுதான். கரடுமுரடாக, மண் ஒட்டி, யாரும் சீண்டாமல் மூலையில் கிடக்கும் பெருவள்ளி. அதை எடுத்து மண்ணைத் தட்டி, மற்ற மூன்றுக்கும் முன்னால் மரியாதையாக வைத்தார்.

"குடும்ப விசாரணை முடிஞ்சுதுன்னா எடை போடட்டுமா?" என்றார் கடைக்காரர்.

அரைக் கிலோ போதும் என்றார் அவர்.

ஆள் தாவரவியல் படித்தவர் அல்லர். பள்ளி இறுதியோடு படிப்புக்கு முழுக்குப் போட்டவர். செடிகொடிகளை ஆராயும் ஒரு நிலையத்தில், உலர்ந்த செடிகளைக் கெட்டித் தாளில் ஒட்டித் தைத்து வைப்பது அவருடைய வேலை. இருபத்தாறு வருடங்களாக அதையேதான் செய்கிறார். அங்கே எல்லோரும் அவரைக் 'கோந்து' என்பார்கள். மரியாதை தெரிந்தவர்கள் 'கோந்து சார்' என்பார்கள். இரண்டுக்கும் ஒரே முகத்தோடுதான் திரும்பிப் பார்ப்பார்.

அவருடைய அறை மாடியில் இருக்கிறது. ஒரு நீள மேசை, சுவர் நெடுக இரும்பு அலமாரிகள், அவற்றுக்குள்ளிருந்து வரும் அந்துருண்டை வாடை. அந்த வாடை அவர் சட்டையிலும் ஏறிவிட்டது. பேருந்தில் அவர் உட்கார்ந்து எழுந்த இருக்கையில் ஒரு வாரத்துக்கு மூட்டைப்பூச்சி வராது என்று அவர் மனைவி சொல்வதுண்டு. செய்தித்தாளுக்குள் அழுத்திக் காயவைத்து மலையிலிருந்து வரும் கொடியை இடுக்கியால் தூக்கித் தாளில் கிடத்துவார். ஓர் இலையாவது முதுகு காட்டிக் கிடக்க வேண்டும், அடிப்பக்க நரம்பும் தெரிய வேண்டுமே.

வள்ளிக் கொடி என்றால் கூடுதல் கவனம். கொம்பில் அது எந்தப் பக்கமாகச் சுற்றி ஏறியதோ, அந்த முறுக்கைக் கலைக்காமல் ஒட்டுவார். அந்தக் குடும்பத்தில் சிலர் வலப்பக்கமாகவும் மற்றவர்கள் இடப்பக்கமாகவும் சுற்றுகிறவர்கள். முறுக்கைப் பார்த்தே எந்தக் கிளைவீடு என்று பெரும்பாலும் சொல்லிவிடலாம். வலைப்பின்னல் நரம்போடு இருக்கும் இலையைப் பார்த்தால் பூசணிக்கு உறவுபோலத் தெரியும். விதையைப் பிளந்து பார்த்தால் ஒற்றை விதையிலை, நெல்லின் பக்கத்துச் சொந்தம். ஆண் பூ ஒரு கொடியில் பூக்கும், பெண் பூ வேறொரு கொடியில். "புருஷன் ஒரு ஊரு, பொண்டாட்டி ஒரு ஊரு. நடுவுல பூச்சிதான் தபால்காரன்" என்பார். அதைச் சொல்லும்போது ஏதோ தன் சொந்தத் தம்பி வீட்டுக் கதையைச் சொல்வதுபோல ஒரு சலிப்பு காட்டுவார்.

ஒட்டும்போது உதிர்வது எதுவும் குப்பைக்குப் போகக் கூடாது என்பது அந்த அறையின் சட்டம். காயோ, விதையோ, அரை இதழோ, எந்தத் தாளிலிருந்து உதிர்ந்ததோ அந்தத் தாளின் மூலையில் இருக்கும் காகித உறைக்குள் போக வேண்டும். எதிலிருந்து உதிர்ந்தது என்று தெரியாவிட்டால், 'தெரியாது' என்று எழுதித் தனியே வைக்க வேண்டும்.

அவர் வேலைக்குச் சேர்ந்த வருடம் ஒட்டிய ஒரு தாளை அன்றைய பேராசிரியர் வெளிச்சத்தில் தூக்கிப் பிடித்துவிட்டுக் குழந்தைபோல் சிரித்தாராம். கொடி இடப்பக்கம் சுற்றியிருந்தது. இலைக் காம்பின் கக்கத்தில் காய்வள்ளிக்குத் தொங்குவதுபோலக் குட்டிக் கிழங்கு தொங்கியது. அந்த வகைக்கு விதையின் ஒரு முனையில் மட்டும்தான் சிறகு இருக்கும். ஆனால் இந்தத் தாளின் உறையில் கிடந்த காயிலோ, விதையைச் சுற்றிலும் வட்டமாகச் சிறகு. அது வலப்பக்கம் சுற்றும் பெருவள்ளி வகையறாவின் அடையாளம். இரண்டு கிளைவீட்டுக்கும் பொதுவாக ஒரு பிள்ளை! பேராசிரியர் அதைப் புதிய இனம் என்று அறிவித்தார். உதிர்ந்த காயைக்கூட எறியாமல் காத்த ஒட்டுக்காரரின் பெயரையே, லத்தீன் விகுதி சேர்த்து, அதற்குச் சூட்டினார். தாள், புதிய இனத்தின் மூலத் தாளுக்கென்று இருக்கும் சிவப்பு உறைக்குள் போய்ப் பூட்டிய அலமாரியில் உட்கார்ந்தது.

அன்றிலிருந்து கோந்து சாருக்குத் தனி மவுசு. ஜெராக்ஸ் கடை வைத்திருக்கும் அவர் மனைவி, அந்தக் கட்டுரையின் முதல் பக்கத்தைப் பிரதி எடுத்துக் கேட்டவர்களுக்கும் கேட்காதவர்களுக்கும் கொடுத்தார். மகளுக்கு வரன் பேசியபோது, சொல்லிக்கொள்ளச் சொத்து இல்லாததால் செடியைச் சொன்னார்கள். சம்பந்தி இன்றைக்கும் தன் நண்பர்களிடம், "இவர் பேர்ல ஒரு செடியே இருக்கு" என்றுதான் அவரை அறிமுகம் செய்கிறார். எத்தனை ஏக்கர் என்று ஒருவர் கேட்டிருக்கிறார். இதெல்லாம் நடக்கும்போது இவர் வெட்கப்படுவார். ஆனால் பேச்சை மட்டும் மாற்ற மாட்டார்.

போன மாதம், வள்ளிக் குடும்பத்தை முழுதாக ஆராயும் ஒரு பெண் நிலையத்துக்கு வந்தாள். இன்னும் பட்டம் வாங்கவில்லை. இருந்தாலும் அவளை 'டாக்டரம்மா' என்றுதான் கூப்பிடுகிறார். எப்படியும் வாங்கிவிடுவாள், இப்போதே பழகிக்கொள்கிறேன் என்பது அவருடைய விளக்கம். அவர் பெயர் கொண்ட செடியைத் தேடி அவள் மூன்று முறை மலையேறியிருந்தாள். கணுக்காலெல்லாம் அட்டை கடித்த தழும்பு. அந்த ஒரு தாளைத் தவிர அந்தச் செடி இதுவரை வேறு யாருக்கும் அகப்படவில்லை. நான்காம் முறையும் போகப்போவதாகவும், கிடைக்காவிட்டால் அழிந்துபோனதாகத்தான் எழுத வேண்டும் என்றும் சொன்னாள். துக்கம் விசாரிக்க வந்தவள்போலக் குரலைத் தாழ்த்திச் சொன்னாள். கிளம்பும் முன் தாளை ஒரு தரம் பார்த்துவிட்டுப் போகிறேன் என்றாள்.

அலமாரியைத் திறந்து, தாளை மேசையில் வைத்து, உறையைப் பிரித்தது அவர்தான். பல வருடம் கழித்து அந்தக் காயை அருகில் பார்க்கிறார். காம்பு சாய்வாக ஒடிந்திருந்தது. ஒடிந்த இடத்தில் ஒரு நார் முள்போல நீட்டிக்கொண்டிருந்தது. ஒட்டுகிறவர்களுக்குக் காயைவிட ஒடிந்த இடம்தான் முதலில் கண்ணில் படும். பார்த்தவுடன் அந்த நாள் நினைவுக்கு வந்தது. வேலைக்குச் சேர்ந்த மூன்றாம் வாரம். கொளுத்தும் வெயில். மேசை விசிறியைப் போட்டிருந்தார். பக்கத்தில் பக்கத்தில் இரண்டு தாள்கள். தரையில் ஒரு காய். 'தெரியாது' என்று எழுதினால் புது ஆளுக்கு ஒன்றும் தெரியவில்லை என்று நினைப்பார்களே என்று, கைக்குப் பக்கத்தில் இருந்த தாளின் உறைக்குள் அதைப் போட்டிருந்தார்.

அந்தப் பெண் அன்றைய வேலையை முடித்துப் போனபிறகு, அதே நாளில் அதே மலையில் எடுத்த அடுத்த எண் தாளைத் தேடி எடுத்தார். சாதாரணப் பெருவள்ளி. காய்க்கொத்தில் ஏழு காய், எட்டாவது இடத்தில் மொட்டைக் காம்பு. இடுக்கியில் காயைப் பிடித்து அந்த இடத்துக்குக் கொண்டுபோனார். உடைந்த வளையலின் இரண்டு துண்டுகள்போலப் பொருந்தியது. உருப்பெருக்கிக் கண்ணாடி தேவையே இல்லை. இருந்தும் அதை வைத்து மூன்று தரம் பார்த்தார்.

சும்மா இருந்தால் போதும். பேராசிரியர் காலமாகிப் பல வருடம் ஆகிறது, கேட்க நாதியில்லை. அழிந்துபோன அரிய செடிக்கு இவர் பெயர் என்றால் மதிப்பு இன்னும் கூடத்தான் செய்யும். வாயைத் திறந்தால் இத்தனை வருடப் பெருமையும் ஓர் உதிர்ந்த காயோடு போய்விடும். அந்தப் பெயரைக் கைவிட அவருக்கு மனமே இல்லை. வாழ்க்கையில் அவர் கேட்காமல் கிடைத்தது அது ஒன்றுதான்.

மாலையில், ஜெராக்ஸ் கடையில் கூட்டம் ஓய்ந்ததும் மனைவியிடம் எல்லாவற்றையும் சொன்னார். அந்த அம்மாள் தாள்களைத் தட்டி அடுக்குவதை நிறுத்தவில்லை. சம்பந்திக்கு என்ன சொல்வது என்றுதான் முதலில் கேட்டார். பிறகு அடுக்கை ஓரமாகத் தள்ளிவிட்டு அடுத்த கேள்விக்கு வந்தார்.

"அந்தக் காயோட அம்மா அங்கேயேதான் இருக்கா?"

"பக்கத்து அலமாரியிலதான்."

"அப்புறம் என்ன? இத்தனை வருஷம் ஊரான் பிள்ளைய நம்ம பிள்ளைன்னு இடுப்புல தூக்கிக்கிட்டுத் திரிஞ்சிருக்கோம். போய்ச் சொல்லிடுங்க. அந்தப் பொண்ணு பாவம், மறுபடியும் மலையேறப் போகுது."

கடையைப் பூட்டிவிட்டு இருவரும் தெருவில் நடக்கும்போது அவருக்குப் பசித்தது. மதியம் சாப்பிடவில்லை என்பதே அப்போதுதான் நினைவுக்கு வந்தது.

மறுநாள் காலை அந்தப் பெண் வருவதற்கு முன்பே இரண்டு தாள்களையும் மேசையில் பக்கத்தில் பக்கத்தில் வைத்துவிட்டார். அவள் பையைக் கீழே வைக்கக்கூட விடவில்லை.

"டாக்டரம்மா, மலைக்குப் போக வேண்டாம். நீங்க தேடுற செடி அங்க முளைக்கல. இந்த மேசையிலதான் முளைச்சுது. நட்டது நான்."

அவள் கண்ணாடி வழியாக வெகுநேரம் குனிந்து பார்த்தாள். காயை வைத்தாள், எடுத்தாள், மறுபடி வைத்தாள். நிமிர்ந்தபோது அவளுக்குச் சிரிப்புதான் முதலில் வந்தது. மூன்று முறை அட்டைக்கு ரத்தம் கொடுத்தவளின் சிரிப்பு. அது அடங்கியதும், "உங்க பேர் போயிடுமே சார்" என்றாள்.

"பேரு எங்கயும் போகாது. காய்வள்ளி பேருக்குக் கீழ சின்ன எழுத்துல ஒதுங்கிக்கும். நிழலா இருக்கும்."

செடிகளின் பெயர் விவகாரத்தில் அது உண்மைதான். ஒரு முறை வைத்த பெயரை யாரும் அழிப்பதில்லை. தவறு என்று தெரிந்தால் சரியான பெயருக்கு அடியில் எழுதிவிடுவார்கள். தாளிலும் பழைய பெயர்ச் சீட்டைக் கிழிப்பதில்லை. அதன் பக்கத்தில் புதிய சீட்டு ஒட்ட வேண்டும். அவள் உட்கார்ந்து எழுதினாள். கொடி காய்வள்ளி என்றும், உறையில் இருக்கும் காய் மட்டும் அடுத்த எண் தாளிலுள்ள பெருவள்ளியிலிருந்து உதிர்ந்தது என்றும் எழுதிவிட்டு, கடைசி வரியில் 'கண்டறிந்தவர்' என்ற இடத்தில் அவருடைய முழுப் பெயரை எழுதி நீட்டினாள். அது படித்தவர்கள் பெயர் போடும் இடம் என்றார் அவர். மூன்று தடவை மலையேறியும் தான் பார்க்காததை உட்கார்ந்த இடத்திலேயே பார்த்தவர் யார் என்று அவள் கேட்டாள். அவர் சீட்டை வாங்கிக்கொண்டார்.

இருபத்தாறு வருடத்தில் அப்படிப்பட்ட சீட்டுகளைப் பல்லாயிரம் ஒட்டியிருக்கிறார். எல்லாம் மற்றவர்கள் பெயர். சீட்டின் முதுகில் கோந்தைத் தடவி, ஓரம் பார்த்து, தாளில் வைத்தார். ஒட்டியதன்மேல் ஒரு மணல் பையைப் பாரமாக ஏற்றிவிட்டு அடுத்த தாளுக்குப் போவதுதான் வழக்கம். பை கைக்கெட்டும் தூரத்தில்தான் கிடந்தது. அவர் அதை எடுக்கவில்லை. ஈரம் காயும்வரை தன் உள்ளங்கையைச் சீட்டின்மேல் வைத்து அழுத்தியபடியே நின்றார்.