சோல்வெய் வாய் திறக்காத நாள்

சோல்வெய்க்குப் பேசத் தெரியாது என்று சொன்னவர்கள் எல்லோரும் மணிக்கணக்காகப் பேசத் தெரிந்தவர்கள். அதுதான் அவர்களுடைய கோளாறு.

நான் எங்கள் தலைநகர் கபரோனேயில் சுவீடன் தூதரகத்தில் மொழிபெயர்ப்பாளராக இருந்தேன். எங்கள் நாட்டில் பிள்ளை பெற்றவளை மூத்த பிள்ளையின் பெயரைச் சொல்லித்தான் கூப்பிடுவோம். அதனால் ஊருக்கு நான் மா கபோ, கபோவின் அம்மா. தூதரகத்துக்கு அதிகாரியாக வந்த சோல்வெய்க்குக் கல்யாணமும் இல்லை, பிள்ளையும் இல்லை. அவளை என்னவென்று கூப்பிடுவது என்று எங்கள் ஓட்டுநர்கள் தவித்தார்கள். சுவீடனில் பெரியவர் சின்னவர் பார்க்காமல் எல்லோரும் 'நீ'தானாம். எனக்கு அது வசதியாகப் போயிற்று.

சுவீடனின் வடகோடியில், ஆற்றில் மரங்களை மிதக்கவிட்டுப் பிழைத்த குடும்பம் அவளுடையது. அங்கே ஒரு கேள்விக்குப் பதில் வருவதற்குள் காப்பி ஆறிப்போகும். பதில் 'ஆமாம்' என்றால் அதைக்கூடச் சொல்ல மாட்டார்கள், 'ஸ்ஸுப்' என்று மூச்சை உள்ளே இழுப்பார்கள், அவ்வளவுதான். முதல் வாரம் அவளுக்கு இழுப்பு நோய் என்று நினைத்து நான் மருந்துக்கடைக்கு ஆள் அனுப்பினேன்.

தட்டச்சு வேலைக்குச் சேர்ந்து, பரீட்சை எழுதி அதிகாரியானவள். விருந்துகளில் கையில் கோப்பையோடு தூண் மாதிரி நிற்பாள். அவளோடு சேர்ந்தவர்கள் தூதர்களாகிக் கொடி பறக்கும் காரில் போனார்கள். இவள் அதே நாற்காலியில் இருந்தாள். ப்ரோமான் என்ற மேலதிகாரி, 'வாய் திறக்க வேண்டிய இடத்தில் திறக்க மாட்டார்' என்று அவளைப் பற்றி வருஷா வருஷம் எழுதிவந்தாராம். ஒரு நாள் காப்பி நேரத்தில் கேக்கை வெட்டிக்கொண்டே அவளே இதைச் சொன்னாள்.

"உனக்குக் கோபம் வரலையா?" என்றேன்.

மூச்சை உள்ளே இழுத்தாள். வந்ததாம்.

அந்த ப்ரோமான்தான் லெட்சொபெங் விஷயத்தை முடித்துவிட்டுப் போக சுவீடனிலிருந்து வந்து இறங்கினார். லெட்சொபெங் என்ற அந்த ஊரில் உயர்நிலைப் பள்ளி கிடையாது. பெண் பிள்ளைகள் படிப்பை நிறுத்திவிட்டுத் தண்ணீர் சுமக்கப் போவார்கள். பள்ளி கட்டித்தர சுவீடன் தயார். ஆனால் ஊரின் மேலத்தெருவும் கீழத்தெருவும் இடத்துக்காக முட்டிக்கொண்டு நின்றன. சமமான நிலம் ஒன்றுதான் இருந்தது, அதன் வழியாகத்தான் கீழத்தெரு மாடுகள் தண்ணீருக்குப் போகும். ஊர்க்கூட்டத்துக்கு மறுநாள் தன் விமானம் கிளம்புவதற்குள் ஊர் ஒத்துக்கொள்ளாவிட்டால் பள்ளி வேறு நாட்டுக்குப் போய்விடும் என்றார் ப்ரோமான்.

ஊர்க்கூட்டம் நடக்கும் கொட்லாவுக்குக் காலையிலேயே போய்விட்டோம். சோல்வெய்தான் ஜீப்பை ஓட்டிவந்தாள், கால்சட்டை போட்டுக்கொண்டு. வேலிவாசலில் நின்றவர் கையைக் குறுக்கே நீட்டினார்.

"கால்சட்டை போட்ட பொம்பள உள்ள வரக்கூடாதும்மா."

"அவங்க தூதரகத்து அதிகாரி, ஐயா" என்றேன்.

"இருக்கட்டும். அதிகாரிக்குப் பாவாடை கிடையாதா?"

உள்ளேயிருந்து சிரிப்பு வந்தது. தப்பு என்னுடையதும்தான், முந்தின நாளே சொல்லியிருக்க வேண்டும். நான் தோளில் போட்டிருந்த கம்பளிப் போர்வையை எடுத்து அவள் இடுப்பில் சுற்றி ஊக்கு குத்தினேன். பழுப்பும் பச்சையும் கட்டம் போட்டது, என் கல்யாணத்துக்கு வந்தது. அவள் முகம் சிவந்துபோய் உள்ளே வந்து பெண்களோடு தரையில் உட்கார்ந்தாள். ஆண்கள் வீட்டிலிருந்து கொண்டுவந்த குட்டை நாற்காலிகளில் வட்டமாக இருந்தார்கள்.

ப்ரோமான் எழுந்து முன்னேற்றத்தைப் பற்றி அருமையாகப் பேசினார். கை தட்டினார்கள். உடனே தொப்பியை எடுத்துக்கொண்டார்.

"நல்லது. ஒத்துக்கிட்டாங்க, கிளம்பலாம்" என்றார் சோல்வெயிடம்.

"அவங்க இன்னும் ஆரம்பிக்கவே இல்ல."

"கை தட்டினாங்களே?"

"அது நீ பேசி முடிச்சதுக்கு."

அவர் காலில் வெந்நீரைக் கொட்டிக்கொண்டவர் மாதிரி ஒரு காரைப் பிடித்துக் கிளம்பிவிட்டார். பெரிய மனிதர் ஒருவர் ஊர் வாயைத் திறக்கும் முன்பே எழுந்து போனதைப் பார்த்து எனக்கு உடம்பெல்லாம் கூசியது. சோல்வெய் மட்டும் போர்வையை இழுத்துவிட்டுக்கொண்டு சம்மணம் போட்டாள்.

எங்கள் கொட்லாவில் பிசகாகப் பேசுகிறவனுக்கும் பேச உரிமை உண்டு. குறுக்கே யாரும் பேசக்கூடாது, தலைவர் கடைசியில்தான் பேசுவார். மேலத்தெரு ரா செலேகா தன் தாத்தா காலத்திலிருந்து தொடங்கினார். கீழத்தெருக்காரர்கள் ஒவ்வொரு மாடாகப் பெயர் சொன்னார்கள். நான் அவள் காதில் மொழிபெயர்த்து மொழிபெயர்த்துத் தொண்டை வறண்டுபோனேன். நடுவில் ஓட்டெங் எழுந்தான். காலையிலேயே சோளக்கள் வாசம் அடிக்கிறவன்.

"ஏம்ப்பா, பள்ளிக்கூடத்துப் பிள்ளைங்களுக்குத் தண்ணி வேணாமா? அதுக்குக் குழாய்க்கிணறு தோண்டுற மிஷின் வரும்ல? வந்த மிஷின் மாட்டுக்கும் ஒண்ணு தோண்டாதா?"

"உட்காருடா, உனக்கு எந்தத் தண்ணி வேணும்னு எங்களுக்குத் தெரியாதா?" என்றார் ரா செலேகா. எல்லோரும் சிரித்தார்கள். நானும் சிரித்தேன்.

பொழுது சாயச் சாய இரண்டு தெருவும் மறுபடி ஒன்றை ஒன்று முறைத்தன. தலைவர் செபினா பெருமூச்சு விட்டு அவள் பக்கம் திரும்பினார். "போர்வை கட்டின அம்மா என்ன சொல்றாங்க?"

சோல்வெய் எழுந்து நின்றாள், நின்றுகொண்டே இருந்தாள். "வாயில கொழுக்கட்டையா?" என்று பின்னால் யாரோ முணுமுணுத்தார்கள். பிறகு அவள் சின்னக் குரலில் ஆரம்பித்தாள், நான் மொழிபெயர்த்தேன். ரா செலேகா என்ன சொன்னார், அவருக்கு அடுத்தவர் என்ன சொன்னார் என்று பேசிய அத்தனை பேரின் பேச்சையும் பெயர் சொல்லி வரிசையாகத் திருப்பிச் சொன்னாள். தன் பேச்சைத் தானே கேட்டு ஒவ்வொருவரும் நிமிர்ந்து உட்கார்ந்தார்கள்.

"ஓட்டெங் ஐயா ஒண்ணு கேட்டாரு" என்று முடித்தாள். "அவருக்கு இன்னும் யாரும் பதில் சொல்லல. என் பதில், தோண்டலாம். கீழத்தெரு எல்லையிலேயே தோண்டலாம்."

சிரிக்க ஆளில்லை. மாடுகள் அந்த நிலத்தைத் தாண்ட வேண்டிய தேவையே இல்லை என்று ஒவ்வொரு முகத்திலும் மெதுவாக உறைத்தது. முதலில் தலையாட்டியவர் ரா செலேகா. தலைவர் செபினா கடைசியாக எழுந்து, "பள்ளி அங்கேயே வரும்" என்றார். பெண்கள் போட்ட குலவையில் வேலியோரத்து ஆடுகள் மிரண்டு ஓடின.

மறுநாள் விமான நிலையத்துக்குத் தலைவரே எங்கள் ஜீப்பில் வந்தார், தன் குட்டை நாற்காலியோடு. ப்ரோமானுக்கு எதிரே அதைப் போட்டு உட்கார்ந்தார்.

"நேத்து பாதியில போயிட்டீங்க. ஊர் பேசி முடிச்சிருச்சு. இப்ப நீங்க கேக்கணும்" என்று, ரா செலேகாவின் தாத்தாவிலிருந்து ஆரம்பித்தார்.

விமானத்துக்கு அழைப்பு வந்தது. ப்ரோமான் பாதி எழுந்தார். ஊர்த் தலைவரே எதிரே வந்து உட்கார்ந்து பேசும்போது எழுந்து போன அதிகாரி என்று பெயரெடுக்க அவருக்கு மனமில்லை. காப்பாற்று என்பதுபோல் சோல்வெயைப் பார்த்தார். ஒரு வார்த்தை அவள் சொல்லியிருந்தால் போதும், தலைவர் சுருக்கமாக முடித்திருப்பார்.

வாய் திறக்க வேண்டிய இடம் அதுதான். சோல்வெய் திறக்கவில்லை. எனக்கு வந்த சந்தோஷத்தில் மொழிபெயர்ப்பை இன்னும் நிதானமாக்கினேன். விமானம் எங்கள் தலைக்கு மேலே போனபோது தலைவர் ஓட்டெங் கேட்ட கேள்விக்கு வந்திருந்தார்.

"இவ்வளவையும் நீ உட்கார்ந்து கேட்டியா?" என்று ப்ரோமான் கடைசியில் கேட்டார்.

அவள் மூச்சை உள்ளே இழுத்தாள்.

பள்ளிக்கான காகிதத்தில் அவர் கையெழுத்துப் போட்டார். அந்த வருஷம் அவளைப் பற்றி வேறு மாதிரி எழுதினார் என்று கேள்வி. மனுஷன் மோசமில்லை, அவசரக்காரர், அவ்வளவுதான்.

பிறகு அவள் வேறு நாடுகளுக்குப் போனாள். சண்டைபிடித்த இரண்டு அரசாங்கங்கள், வேறு யார் வந்தாலும் வேண்டாம், அந்தப் பேசாத அம்மாவை அனுப்புங்கள் என்று கேட்டு வாங்கிய கதையும் உண்டு. கடைசியில் எங்களிடமே தூதராக வந்தாள். கொடி பறக்கும் காரில் லெட்சொபெங் போனோம். பள்ளிப் பெண்கள் ரோட்டின் இரண்டு பக்கமும் பாடிக்கொண்டு நின்றார்கள்.

கொட்லா வாசலில் கார் நின்றது. இறங்கியவளைப் பார்த்துத் தலையில் அடித்துக்கொண்டேன், மறுபடியும் கால்சட்டை. வாசல்காரரும் அதே ஆள்தான், நரைத்திருந்தார். சோல்வெய் அவரைப் பார்த்துக்கொண்டே பையைத் திறந்து, பழுப்பும் பச்சையுமான என் போர்வையை எடுத்து இடுப்பில் கட்டினாள். அந்தப் போர்வையை எத்தனை தடவை கேட்டிருப்பேன், இன்றுவரை அவள் திருப்பித் தரவில்லை.

அவர் கையைக் குறுக்கே நீட்டவில்லை. ஒதுங்கி வழிவிட்டார்.

"வாங்க, மா செக்கொலோ" என்றார். பள்ளிக்கூடத்தின் அம்மா. "உங்க நாற்காலி தலைவர் பக்கத்துல போட்டிருக்கு."