பூங்காவனம் அக்காவின் நீர் மாத்திரை

மருந்துக்கடை வைத்தவனுக்கு மாத்திரையைவிடத் தொண்டைதான் ஜாஸ்தி தீரும். கவுண்டருக்குப் பின்னால் நின்று கத்திப் பழகியவர்களுக்கு இது புரியும்.

மிச்சம் இருந்த அட்டை

என் கடைக்கு எதிரே, கோபுர வாசலில் பூ விற்பவர் பூங்காவனம் அக்கா. இதயம் பலவீனம், கால் வீங்காமல், மூச்சு வாங்காமல் இருக்க உடம்பில் தேங்கும் நீரைச் சிறுநீராக வெளியேற்றும் நீர் மாத்திரையை டாக்டர் எழுதியிருந்தார். மாதம் முடிந்தும் அடுத்த அட்டை வாங்க ஆளைக் காணோம். போய்க் கேட்டால் பாதி அப்படியே இருக்கிறதாம். கால் இரண்டும் பூசணிக்காய். உசுரோட விளையாடறியா என்று நடுவீதியில் கத்தினேன். அவர் பூ கட்டுவதை நிறுத்தவில்லை.

"அதப் போட்டா மணிக்கு ரெண்டு வாட்டி போவணும். நான் எங்க போறது? நீ வந்து பூ கட்டு, நான் போயிட்டு வரேன்."

நெற்றியில் வீக்கம்

மறுவாரம் நெற்றி வீங்கியிருந்தது. என் கத்தலுக்குப் பயந்து, படுக்கப்போகும்போது போட்டிருக்கிறார். விட்டதற்கும் சேர்த்து இரண்டாக. நடுராத்திரி பாத்ரூமுக்கு எழுந்து ஓடியதில் தலைசுற்றி விழுந்திருக்கிறார். கடையைச் சாத்திவிட்டு ஆட்டோவில் ஏற்றி டாக்டரிடம் கூட்டிப்போனேன்.

ரத்தப் பரிசோதனை பார்த்துவிட்டு அவர் பொறுமையாகச் சொன்னார்: காலையில் ஒன்றுதான், விட்டுப்போனால் இரண்டாகப் போடக் கூடாது, தானாக நிறுத்தவும் கூடாது, வாந்தி, பேதி, தலைசுற்றல் என்றால் உடனே வர வேண்டும். "கஷ்டம்னா முன்னாடியே சொல்லியிருக்கலாமேம்மா" என்றார்.

"பாத்ரூம் இருக்குதான்னு நீங்க கேக்கவே இல்லியே சார்."

ஒரு முழம் பூ

பக்கத்து லாட்ஜ் மேனேஜரைப் பிடித்தேன். பாத்ரூம் தங்குபவர்களுக்கு மட்டும்தான் என்றார். பேரத்தில் நான் விட்டுக்கொடுத்ததில்லை. ரிசப்ஷனில் மாட்டியிருக்கும் சாமி படத்துக்கு அக்காவிடமிருந்து தினம் ஒரு முழம் பூ. பதிலுக்குக் கீழ்த்தள பாத்ரூம் சாவி. அரை மணி நேரம் கத்தியபின் சாவி வந்தது.

"பௌர்ணமிக்கு மட்டும் கேக்காதீங்கண்ணா, கோயில் கூட்டத்துல அன்னிக்கு எனக்கே கிடைக்காது" என்றார் மேனேஜர்.

பௌர்ணமி

அக்காவுக்கு வியாபாரமே அன்றுதான். காலையில் பார்த்தேன், மாத்திரையை முந்தானையில் முடிந்துவைத்துக்கொண்டு, என் பக்கமே திரும்பாமல் கட்டிக்கொண்டிருந்தார். கத்த வாயைத் திறந்தவன் கடைக்குள் திரும்பினேன்.

என் கடைக்குப் பின்னால் ஒரு பாத்ரூம் உண்டு. வீடு அடுத்த தெரு என்பதால் அதில் அட்டைப்பெட்டி அடுக்கி வருஷக்கணக்காகிறது. எல்லாவற்றையும் வெளியே இழுத்துப் போட்டுக் கழுவினேன். டம்ளரில் தண்ணீரோடு போய் அக்காவைக் கூப்பிட்டேன். மாத்திரையைப் போட்டுக்கொண்டு பின்னாலேயே வந்தவர், கதவைப் பார்த்தார், என்னைப் பார்த்தார்.

"இது இங்கயே இருந்துச்சா? இத வச்சிக்கினுதான் இத்தனை நாளு என்னைத் திட்னியா தம்பி?"

அன்றிலிருந்து, நீர் மாத்திரை வாங்க வருகிறவர்களிடம் எங்கே போவீர்கள் என்று கேட்டுவிட்டுத்தான் கத்துகிறேன்.