கோணல் வாய்க்குக் கிடைத்த உத்தரவு

நம் காளியம்மன் கோயில் கும்பாபிஷேக மலருக்கு, சேந்தமங்கலம் நடிகன் எழுதுவது. பங்காளிகள் நீங்கள் கிண்டலாகத்தான் நடிகன் என்கிறீர்கள். பரவாயில்லை. பத்து வருஷத்தில் ஆறு சின்னப் படங்கள். அதில் மூன்றில் நான் பிணம்.

போன தை மாதம் ஒரு காலையில் வாய் கொப்பளித்தேன். தண்ணீர் ஒரு பக்கமாக ஒழுகியது. முகவாதம். "மூணு மாசம் முகப் பயிற்சிய விடாதீங்க. விட்டா இப்படியே நின்னுரும்" என்றார் டாக்டர். முகமும் போனால் நடிகனுக்கு என்ன மிச்சம்? நான் அழுதேன். என் மனைவி சுமதி அழவில்லை. வாய் நேராக வேண்டி, அம்மனுக்கு மேச்சேரி ஆட்டுக் கடா நேர்ந்துகொண்டாள். தினமும் என் எதிரே உட்கார்ந்து, தானும் கன்னத்தை உப்பிப் பயிற்சி கொடுத்தாள்.

அப்போது ஒரு புது இயக்குநர் தேடி வந்தார். "இந்த வாய்தான் சார் என் படம்" என்றார். முதல் தடவையாக நான் கதாநாயகன். பாதிப் படத்தில் உதடு நேராகத் தொடங்கியது. "நேராயிட்டா எடுத்ததெல்லாம் குப்பை சார். மறுபடி எடுக்க வழியில்ல" என்றார் இயக்குநர்.

சுமதிக்கு இது தெரியாது. மீதியும் நேராகட்டும் என்று கடாவைக் கோயிலுக்கு ஓட்டி வந்துவிட்டாள். நம் வழக்கம்தான்: மஞ்சள் தண்ணீர் தெளித்து, கடா உடம்பைச் சிலிர்த்துத் துலுக்கினால் அம்மன் உத்தரவு. மூன்று தரம் தெளித்தும் அது அசையவில்லை.

"துலுக்கு சாமி, துலுக்கு" என்று சுமதி கெஞ்சினாள்.

நான் கண்ணை மூடினேன். தாயே, கோணலாகவே இருக்கட்டும், எனக்குப் படம் வேண்டும் என்று வேண்டினேன். கடா காதிலிருந்து வால் வரை உதறியது.

"ஏனுங்க, அம்மா காதுல உழுந்திருச்சுங்க!" என்று என் கையைப் பிடித்துக்கொண்டாள். அன்றைக்குத்தான் அவள் அழுதாள். கறி நன்றாக இருந்ததென்று நீங்களும் சொன்னீர்கள்.

மறுநாளிலிருந்து அவள் எதிரே பயிற்சி செய்வதாக நடித்தேன். அவள் அந்தப் பக்கம் போனதும் விட்டுவிடுவேன். என் நல்ல நடிப்பு அதுதான்.

படம் முடிந்தது. வெளியூர்த் திரைவிழாவில் எழுந்து நின்று கை தட்டினார்கள். நாமக்கல்லில் ஒரு தியேட்டரும் போடவில்லை. வாய் அப்படியே நின்றுவிட்டது. நான் சாப்பிடும்போது வழிவதை சுமதி முந்தானையால் துடைக்கிறாள். தன் வேண்டுதலில்தான் ஏதோ குறை என்று வெள்ளிதோறும் பட்டினி கிடக்கிறாள்.

நம்புங்கள் பங்காளிகளே, நம் அம்மன் கேட்டதைக் கொடுப்பாள். எனக்குக் கொடுத்தாள், அவளுக்கு என் நன்றி. நீங்களும் கேளுங்கள். பக்கத்தில் யார் நிற்கிறார்கள் என்று பார்த்துக் கேளுங்கள்.

மலர் அச்சாகி வந்தால் முதலில் சுமதிதான் படிப்பாள். என் பெயர் வந்த எதையும் அவள் விடுவதில்லை.